வாசலில் நின்ற பெயர்

அந்த வருடம் மார்ச் மாதத்திலிருந்து செப்டம்பர் வரை எங்கள் மீனவ ஊரான ஸ்டெய்னாவிக்கில் ஓஃபேகுர் என்ற பெயரை அநேகமாக யாரும் வாய்விட்டுச் சொல்லவில்லை. சொல்லியே ஆகவேண்டும் என்றால் "அந்தப் படகுத் தலைவன்" என்றார்கள். அவன் மனைவி தோர்திஸ் தேவாலயத்தில் எந்தப் பெஞ்சில் உட்கார்ந்தாலும் அதில் வேறு யாரும் உட்காரவில்லை. ஞாயிற்றுக்கிழமைதோறும் நான் அதைப் பார்த்தேன். பார்த்துவிட்டு ஜெபப் புத்தகத்தைத் திறந்துகொண்டேன்.

நான் இந்தக் கரையில் இருபத்திரண்டு வருடமாக மருத்துவச்சி. பிறக்கிற பிள்ளைகளை முதலில் தொடுவது என் கை. அதனால் பெயர்களைப் பற்றி எனக்குக் கொஞ்சம் தெரியும்.

ஓஃபேகுர் அபூர்வமான பெயர். எங்கள் குடாவின் இரண்டு கரைகளிலும் சேர்த்து ஒரே ஒருவனுக்குத்தான் அது இருந்தது. சாவு யாருக்கு நாள் குறித்துவிட்டதோ அவனைச் சொல்ல எங்கள் மொழியில் ஒரு சொல் உண்டு. அப்படிப்பட்டவனை முகத்தைப் பார்த்தே சொல்லிவிடலாம் என்பார்கள். பசிக்காமல் சாப்பிடுவான், காரணமில்லாமல் சிரிப்பான், இரவல் கொடுத்த சாமானைத் திருப்பிக் கேட்க மாட்டான். அந்தச் சொல்லுக்கு முன்னால் 'இல்லை' என்பதைச் சேர்த்தால் ஓஃபேகுர். சாவு நாள் குறிக்காதவன். கேட்பதற்கு வீரமான பெயர் போலத் தோன்றும். ஆனால் பயந்துபோனவர்கள்தான் அதை வைப்பார்கள்.

எரிமலைப் புகை வானத்தை மூடி, புல் விஷமாகி, ஆடுமாடுகள் நின்ற இடத்திலேயே விழுந்த பஞ்ச காலத்தில் இங்கே ஒருத்தி ஏழு பிள்ளைகளைப் புதைத்தாள். எட்டாவது பிறந்தபோது, வீட்டு வழியில் வருகிற பெயர் எதுவும் வேண்டாம், ஏழு பிள்ளைக்கும் கொடுத்துப் பார்த்துவிட்டேன் என்று பாதிரியாரிடம் சொன்னாளாம். எட்டாவதற்கு ஓஃபேகுர் என்று வைத்தார்கள். அவன் எண்பத்தொரு வயது வரை இருந்தான். திருச்சபைப் பதிவேட்டில் அவன் பிறப்பும் இறப்பும் இருக்கின்றன, நானே பார்த்திருக்கிறேன். அவனுடைய பேரனுக்கு அதே பெயர். அவனும் கட்டிலில் படுத்துத்தான் இறந்தான். அந்தப் பேரனின் பேரன்தான் எங்கள் படகுத் தலைவன்.

இப்படி மூன்று பேர் ஆனதும் கரையில் ஒரு நம்பிக்கை வளர்ந்தது. கடல் அந்தப் பெயரைத் தொடாது. ஓஃபேகுர் படகில் துடுப்புப் போட இடம் கேட்டு ஆட்கள் இலையுதிர்காலத்திலேயே வந்து சொல்லிவைப்பார்கள். மாப்பிள்ளை பார்க்கிறவர்கள்கூட "எந்தப் படகு?" என்று விசாரித்துவிட்டு, அவன் படகு என்றால் தலையை ஆட்டுவார்கள். ஒரு தாய் பயத்தில் கேட்ட வேண்டுதலை, கடவுள் எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்த உறுதியாக நாங்கள் எடுத்துக்கொண்டோம். அந்தத் தப்பை நானும் செய்தேன்.

மார்ச் மாதம் அந்தக் காலையில் மலையடிவாரத்து வீடொன்றில் பிரசவம் முடித்துவிட்டு மேட்டுப்பாதையில் இறங்கி வந்துகொண்டிருந்தேன். இருபது நாள் புயலுக்குப் பிறகு காற்று சற்று அடங்கியிருந்தது. கீழே படகு இறங்குதுறையில் ஓஃபேகுரும் அவனுடைய ஐந்து ஆட்களும் நின்றார்கள். கூட இங்கிமுந்த் நின்றார். அவர் ஒரு காலத்தில் நல்ல துடுப்புக்காரர். முழங்கால் போனபின் கரையோடு நின்றுவிட்டவர். அவருடைய ஒரே மகன் ஹால்வர்த் அந்தப் படகில் இருந்தான்.

காற்று என் பக்கம் வீசியது. பேச்சு ஒவ்வொரு வார்த்தையாக மேலே வந்தது.

"இன்னிக்கு வேண்டாம்" என்றான் ஓஃபேகுர். "மேற்கால வானத்து நிறம் சரியில்ல." சொல்லிவிட்டுப் படகின் விளிம்பில் உட்கார்ந்து தோலுடுப்பின் கயிற்றை அவிழ்க்கத் தொடங்கினான்.

"ஏம்ப்பா" என்றார் இங்கிமுந்த், "மூணு வாரமா காஞ்ச மீன் தலையை வேகவெச்சுத் தின்னுட்டிருக்கோம். இன்னிக்குத்தான் மீன் உள்ள வந்திருக்கு. நீ கயித்தை அவுக்கறியா, கட்டறியா?"

"அவுக்கறேன்."

"சாவே உன் கதவைத் தட்ட யோசிக்கும்னு உனக்குப் பேரு வெச்சிருக்காங்க. நீ என்னடான்னா நாலு அலையைப் பார்த்து நடுங்கற. ஒண்ணு செய். பேரை உன் பொண்டாட்டிக்குக் குடுத்துட்டு, அவ பாவாடையை வாங்கி நீ கட்டிக்க. அவ படகை எடுத்துக்கிட்டுப் போவா."

ஆட்கள் சிரித்தார்கள். ஹால்வர்த்தும் சிரித்தான். அந்தச் சிரிப்பு நல்ல சிரிப்பு, இளம் பையனுடைய சிரிப்பு. கலியாணமாகி ஆறு மாதம்தான் ஆகியிருந்தது.

ஓஃபேகுர் சற்று நேரம் கடலைப் பார்த்தான். பிறகு எழுந்தான். "கையுறை ஈரமா இருக்கு. வேற எடுத்துட்டு வரேன்" என்றான். வீட்டுப் பக்கம் நடந்து போனான், திரும்பி வந்தான். ஆறு பேரும் தொப்பியைக் கழற்றிக் கடல் ஜெபம் சொன்னார்கள். படகு இறங்கியது. அவனுக்கு ஒன்றும் ஆகாது என்று நானும் நினைத்தேன். நினைத்துக்கொண்டே வீட்டுக்குப் போய்த் தூங்கினேன்.

நடுப்பகலுக்குள் புயல் திரும்பி வந்தது. மற்ற படகுகள் எதுவும் அன்று இறங்கியிருக்கவில்லை. ஆறு பேரில் மூன்று பேரின் உடல்கள் ஒதுங்கின. ஹால்வர்த் ஒதுங்கினான். ஓஃபேகுர் ஒதுங்கவில்லை.

அடக்கத்தன்று இங்கிமுந்த் கல்லறை ஓரத்தில் நின்று, எல்லாருக்கும் கேட்கிற மாதிரி சொன்னார். "திமிரு. பேரு மேல இருந்த திமிரு. என் பிள்ளையையும் சேர்த்து இழுத்துட்டுப் போயிட்டான்."

நான் நாலடி தள்ளி நின்றுகொண்டிருந்தேன். தன் மகனைத் தானே அனுப்பிவைத்தவர் அதைத் தாங்க முடியாமல் இன்னொருவன் மேல் வைக்கிறார் என்று எனக்குப் புரிந்தது. பிள்ளையைப் பறிகொடுத்தவர், இப்போது எதையும் சொல்லக்கூடாது என்று வாயை மூடிக்கொண்டேன். அது இரக்கம்தான். ஆனால் அந்த இரக்கத்தின் பாரத்தை நான் சுமக்கவில்லை. தோர்திஸ் சுமந்தாள்.

ஜூன் மாதம் நானும் ஹால்வர்த்தின் மனைவி ஸ்டெய்னுனும் கல்தரையில் உப்பு மீனைத் திருப்பிப் போட்டுக்கொண்டிருந்தோம். அவளுக்கு ஆறாவது மாதம். குனிந்து நிமிர வேண்டாம் என்று நான் சொன்னால் கேட்க மாட்டாள்.

"அக்கா, ஒரு சங்கதி. சிரிக்கக் கூடாது."

"சிரிக்கிற மாதிரி இருந்தா சிரிப்பேன்."

"கனவுல மூணு தடவை வந்துட்டாரு."

"யாரு, ஹால்வர்த்தா?"

"அவரு வந்தா உங்ககிட்ட ஏன் சொல்லப்போறேன்? நானே வெச்சுக்க மாட்டேனா?" என்று சொல்லி இரண்டு மீன்களைத் திருப்பினாள். "அந்தப் படகுத் தலைவரு. தோலுடுப்பு சொட்டச் சொட்ட நிலைப்படிக்கு வெளியில நிக்கறாரு. உள்ள வரல. 'இங்க எனக்கு இடம் இருக்குமா'ன்னு கேக்கறாரு. அவ்வளவுதான். மூணு தடவையும் அதே."

அவள் மேலே எதுவும் சொல்லத் தேவையில்லை. இறந்தவர் ஒருவர் கர்ப்பிணியின் கனவில் வந்து தங்க இடம் கேட்டால், பிள்ளைக்குத் தன் பெயரை வைக்கச் சொல்கிறார். இல்லை என்றால் பிள்ளைக்கு ஆகாது. பாதிரியார் பெனெடிக்ட் இதை மூடநம்பிக்கை என்று பிரசங்கம் செய்வார். அவருடைய இரண்டாவது மகனுக்கு அப்படித்தான் பெயர் வந்தது.

"எனக்கு முதல்ல கோபந்தான் வந்துச்சு" என்றாள் ஸ்டெய்னுன். "என் புருஷனைக் கொண்டுபோய் விட்டவரு, என் பிள்ளைகிட்ட வந்து என்ன கேக்கறாருன்னு. ஆனா அக்கா, அந்த முகம். தப்புப் பண்ணினவன் முகமா இல்ல அது. எல்லாரும் சேர்ந்து வெளியில நிக்க வெச்சுட்டாங்களேங்கற முகம்."

துறையில் அன்று கேட்டதை அப்போது நான் சொல்லியிருக்கலாம். சொல்லாமல் மீனைத் திருப்பினேன்.

"அவருக்குப் பிள்ளை குட்டி இல்ல" என்றாள் அவள். "யாரும் வெக்க மாட்டாங்க. இதோட அந்தப் பேரு முடிஞ்சுது. நான் வெக்கலாம்னு பார்க்கறேன். ஆனா ஹால்வர்த் பேரு என்ன ஆகறது? அப்பன் செத்தப்புறம் பொறக்கற பிள்ளைக்கு அப்பன் பேரு வெக்கறதுதானே முறை?"

"ஹால்வர்த் பேரு எங்கடி போகும்? எந்தப் பேரு வெச்சாலும் பின்னால ஹால்வர்த்சன்னு, ஹால்வர்த் மகன்னுதானே வரும். அப்பனுக்கு இடம் முதல்லயே இருக்கு. அதனாலதான் ஹால்வர்த் கனவுல வந்து கேக்கல போல."

அவள் கையைத் துடைத்துக்கொண்டு வயிற்றின் மேல் வைத்தாள். "ஓஃபேகுர் ஹால்வர்த்சன்" என்று மெதுவாகச் சொல்லிப் பார்த்தாள். மூன்று மாதத்தில் அந்தப் பெயரை நான் கேட்டது அப்போதுதான்.

இன்னொன்றையும் இங்கே சொல்லவேண்டும். ஸ்டெய்னுன் கர்ப்பமாக இருக்கிறாள் என்று ஊரில் தெரிந்த நாளிலிருந்து, காலையில் இங்கிமுந்த் வீட்டு வாசலில் ஒரு மூடி போட்ட தகரக் குவளையில் பால் இருக்கும். தோர்திஸிடம் ஒரே ஒரு பசு இருந்தது. அவள் கதவைத் தட்ட மாட்டாள். குவளையை வைத்துவிட்டு, முந்தின நாள் குவளையை எடுத்துக்கொண்டு போவாள். இங்கிமுந்த் தினமும் அந்தப் பாலை வாசல் கல்லின் மேல் ஊற்றினார். கல் வெள்ளையாகிக் கிடந்தது. உள்ளே மருமகள் வயிற்றுப் பிள்ளையோடு தண்ணீரில் கரைத்த மாவுக் கஞ்சி குடித்துக்கொண்டிருந்தாள்.

ஜூலையில் ஒரு மத்தியானம் நான் அவளைப் பரிசோதிக்கப் போயிருந்தபோது, மாமனாரிடம் அவளே பெயரைச் சொன்னாள். இங்கிமுந்த் காபி குடித்துக்கொண்டிருந்தார். கோப்பையைக் கீழே வைக்கக்கூட இல்லை.

"அந்தப் பேரு இந்தக் கூரைக்குக் கீழ ஒலிக்காது."

"மாமா, கனவுல..."

"கனவுல ஆயிரம் பேரு வருவான். சோறு போடறது யாரு? ஹால்வர்த்னு வை. என் பேரைக்கூட நான் கேக்கல. இல்ல, அந்தப் பேருதான்னா, பிள்ளையைத் தூக்கிட்டு ஊர்ச் சபைகிட்டப் போ."

ஊர்ச் சபை என்றால் என்ன என்று ஸ்டெய்னுனுக்குத் தெரியும். ஆதரவில்லாத பிள்ளையை, குறைந்த செலவில் யார் வைத்துக்கொள்வார்களோ அந்த வீட்டில் விட்டுவிடுவார்கள். அப்படி விடப்பட்ட பிள்ளைகளை நான் குளிப்பாட்டியிருக்கிறேன். அவர்களுடைய முதுகைப் பார்த்திருக்கிறேன். அவளுடைய ஊர் அடுத்த குடாவில், அங்கேயும் சாப்பாட்டுக்கு வழியில்லை.

அவள் முகம் வெளுத்தது. ஆனால் தலை குனியவில்லை.

நான் என் பையைக் கட்டிக்கொண்டே சொன்னேன். "இங்கிமுந்தண்ணே, அன்னிக்குக் காலையில நான் மேட்டுப்பாதையில வந்துட்டிருந்தேன்."

அவ்வளவுதான் சொன்னேன். ஸ்டெய்னுனுக்கு ஒன்றும் புரியவில்லை. "எந்தக் காலையிலக்கா?" என்றாள். அவர் கோப்பையை மேசையில் வைத்தார். நான் வெளியே வந்துவிட்டேன்.

அது மிரட்டலா, அன்பா என்று வழியெல்லாம் என்னை நானே கேட்டுக்கொண்டேன். இன்றுவரை பதில் தெரியவில்லை. மறுநாள் காலையில் அவர் பாலைக் கல்லில் ஊற்றவில்லை என்று ஸ்டெய்னுன் சொன்னாள். உள்ளே கொண்டுவந்து அவள் முன்னால் வைத்துவிட்டு ஆட்டுப் பட்டிக்குப் போய்விட்டாராம். அவளை வெளியே போகச் சொல்லவில்லை. பெயரைப் பற்றியும் பேசவில்லை.

செப்டம்பரில், மலையிலிருந்து ஆடுகளை இறக்குகிற வாரத்தில், காலையில் அவரே என்னைக் கூப்பிட வந்தார். முழங்காலைப் பிடித்துக்கொண்டு அந்தக் கரடு வழியில் ஓடாத குறையாக நடந்தார். பாதி வழியில் நின்றார்.

"ஏம்மா, நீ யார்கிட்டச் சொன்ன?"

"யார்கிட்டயும் சொல்லல."

"பாதிரியார்கிட்ட?"

"இல்ல."

"ஏன் சொல்லல?"

"சொன்னா ஆறு பேரும் எழுந்து வருவாங்களா? முதல்ல நடங்கண்ணே. அவ தனியா இருக்கா."

அவர் நடந்தார். கொஞ்ச தூரம் போனதும் என்னைப் பார்க்காமலே, "அவனும் சிரிச்சான். என் பையன். நான் சொன்னதைக் கேட்டு அவனும் சிரிச்சான்" என்றார்.

பிள்ளை கால் முதலில் வந்தது. அந்தப் பிரசவத்தைப் பற்றி எழுதப் போவதில்லை. பிற்பகல் மூன்று மணிக்குப் பிள்ளையை என் கையில் எடுத்தபோது அது நீலமாக இருந்தது. அசைவில்லை. ஆண் பிள்ளை. ஸ்டெய்னுன் கண்மூடிக் கிடந்தாள். அவளுடைய இரத்தம் நிற்கவில்லை.

இப்படிப்பட்ட நேரத்தில் பாதிரியாருக்குக் காத்திருக்க முடியாது. ஞானஸ்நானம் கொடுக்க மருத்துவச்சிக்கு அனுமதி உண்டு. நீலமாய்க் கிடந்தாலும் நெஞ்சில் ஒரு துடிப்பு இருக்கிறவரை நாங்கள் கொடுத்துவிடுவோம். அப்போது வைக்கிற பெயர்தான் பெயர், பிழைத்தாலும் யாரும் மாற்ற முடியாது. நான் கிண்ணத்தில் தண்ணீரை எடுத்தேன். கதவருகே இங்கிமுந்த் தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றார்.

"பேரு சொல்லுங்க. நேரமில்ல."

அவர் பிள்ளையைப் பார்த்தார். மருமகளைப் பார்த்தார்.

"ஓஃபேகுர்" என்றார்.

பிதாவின் பெயரால், சுதனின் பெயரால், பரிசுத்த ஆவியின் பெயரால் மூன்று தடவை தண்ணீர் விட்டேன். பிறகு துணியால் முதுகைத் தேய்த்தேன், வாயில் ஊதினேன், திரும்பத் தேய்த்தேன். எத்தனை நேரம் என்று தெரியாது. பூனைக்குட்டி சத்தம்போல ஒன்று வந்தது. தண்ணீர் சில்லென்று பட்டதாலா, பெயராலா என்று என்னைக் கேட்காதீர்கள். எனக்குத் தெரியாது. கனவில் வந்து கேட்டவர் கேட்டதைக் கடவுள் காதில் வாங்கினார் என்பது மட்டும் தெரியும்.

ஸ்டெய்னுன் அன்று மாலை கண் விழித்தாள். பிள்ளையை அவள் பக்கத்தில் வைத்தேன்.

"என்ன பேரு வெச்சீங்க?"

நான் சொல்லவில்லை. இங்கிமுந்த் சொன்னார், இரண்டாவது தடவையாக. அவள் அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள். "அப்ப இடம் குடுத்தாச்சு" என்றாள். மூன்று நாள் காய்ச்சலோடு போராடினாள். நான்காம் நாள் காலையில் போய்விட்டாள். பத்தொன்பது வயது.

மறுநாள், அடக்கம் முடிந்து மண் மூடியதும், ஊர்ச் சபைக்காரர் ஒருவர் இங்கிமுந்தின் தோளில் கைவைத்து, பிள்ளையைப் பற்றி நாளைக்குப் பேசுவோம் என்றார். நல்ல மனதோடுதான் சொன்னார். அறுபது வயது ஆண் தனியாக ஐந்து நாள் பிள்ளையை வளர்க்க முடியாது என்பது எல்லாருக்கும் தெரிந்ததுதான்.

இங்கிமுந்த் என்னோடு வீட்டுக்கு வந்தார். பிள்ளையைத் தன் கம்பளிச் சட்டைக்குள் விட்டுப் பொத்தானைப் போட்டார். வாசலில் கிடந்த தகரக் குவளையைக் கழுவி என் கையில் கொடுத்தார். மழை தூறிக்கொண்டிருந்தது. நான் அவருக்குப் பின்னால் நடந்தேன்.

தோர்திஸ் கதவைத் திறந்தாள். கையில் பாதி பின்னிய கையுறை இருந்தது, எங்கள் மீனவர்கள் போடுகிற மாதிரி இரண்டு கட்டைவிரல் உள்ளது. ஒரு பக்கம் தேய்ந்துபோனால் திருப்பிப் போட்டுக்கொள்வார்கள். யாருக்காகப் பின்னுகிறாள் என்று எனக்குத் தெரியவில்லை. அவள் வீட்டில் கடலுக்குப் போக யாரும் இல்லை.

இங்கிமுந்த் நிலைப்படிக்கு வெளியே நின்றார். தொப்பியிலிருந்து தண்ணீர் சொட்டியது.

"தோர்திஸ்" என்றார். "இங்க இடம் இருக்குமா?"

கனவில் கேட்ட வார்த்தை அது. ஸ்டெய்னுன் அவரிடம் சொல்லவில்லை, அவர் சொல்லவிட்டதுமில்லை. நானும் சொன்னதில்லை. வெளியில் நிற்கிறவன் வேறு எந்த வார்த்தையில் கேட்பான்?

"யாருக்கு?"

"இவனுக்கு." அவர் சட்டையின் மேல் பொத்தானை அவிழ்த்தார். "ஓஃபேகுர் ஹால்வர்த்சனுக்கு."

தோர்திஸ் கதவு நிலையைப் பிடித்துக்கொண்டாள். ஆறு மாதமாக அந்தப் பெயரை அவளிடம் யாரும் சொல்லவில்லை.

"நீ எடுக்கறதுக்கு முன்னாடி ஒண்ணு தெரிஞ்சுக்கணும்" என்றார் இங்கிமுந்த். "அப்புறம் கதவைச் சாத்தினாலும் சரி. அன்னிக்கு உன் புருஷன் போக மாட்டேன்னுதான் உக்காந்தான். நான்தான் பாவாடை கட்டிக்கன்னு சொன்னேன். நான்தான் அனுப்பினேன். அவனை, என் பையனை, எல்லாரையும்."

"தெரியும்ண்ணே."

இங்கிமுந்த் நிமிர்ந்து அவளைப் பார்த்தார்.

"கையுறை எடுக்க வந்தாரில்ல" என்றாள் தோர்திஸ். "நீங்க நிக்கற இடத்துலதான் நின்னாரு. 'இங்கிமுந்த் எல்லார் முன்னாடியும் சொல்லிட்டாரு, இனிமே போகாம இருக்க முடியாது'ன்னாரு. நான் நல்ல ஜோடியா பார்த்துக் குடுத்தேன். போகாதேன்னு ஒரு வார்த்தை சொல்லல. நானும் அந்தப் பேரை நம்பினேன்."

"தெரிஞ்சுமா பால் கொண்டாந்து வெச்ச?"

"பால் புள்ளைக்குத்தானே."

"நான் அதைக் கல்லுல ஊத்தினேன்."

"பார்த்தேன். நாய் நக்கிட்டிருந்துச்சு. நாய்க்காவது ஆச்சேன்னு நெனச்சேன்."

இங்கிமுந்த் அழுதார். அவ்வளவு பெரிய உடம்பு, சட்டைக்குள் பிள்ளை இருப்பதால் குலுங்காமல் அழப் பார்த்தது. தோர்திஸ் கையுறையைத் தோளில் போட்டுக்கொண்டு பிள்ளையை வாங்கினாள்.

"உள்ள வாங்க. புள்ள நனையுது."

நான் நிலைப்படியில் நின்றேன். குவளை என் கையில் இருந்தது. அதற்கு மேல் பேசாமல் இருக்க முடியவில்லை.

"தோர்திஸ், எனக்கும் தெரியும். அன்னிக்கு மேட்டுப்பாதையில வந்தேன். எல்லாம் கேட்டேன். நானும் சொல்லல."

அவள் என்னைப் பார்த்தாள். கோபமாகப் பார்த்திருந்தால் எனக்கு எளிதாக இருந்திருக்கும்.

"அதுவும் தெரியும், ரான்வேக்" என்றாள். "மேல நீ நிக்கறதை அவரு பார்த்திருக்காரு. 'மருத்துவச்சிகூடக் கேட்டுட்டா'ன்னு சிரிச்சுக்கிட்டே சொன்னாரு. நான் ஒவ்வொரு ஞாயித்துக்கிழமையும் பார்த்துட்டுதான் இருந்தேன். இன்னிக்காவது நீ வந்து பக்கத்துல உக்காந்து சொல்லுவியான்னு."

இருபத்திரண்டு வருடத்தில் எத்தனையோ வீடுகளில் எத்தனையோ வலிகளைப் பார்த்திருக்கிறேன். எதுவும் அந்த வார்த்தையைப் போல் என்னைத் தைக்கவில்லை. அவள் அதைக் குத்திக்காட்டுவதற்காகச் சொல்லவில்லை. சொல்லிவிட்டு, பிள்ளையை ஒரு கையில் அணைத்துக்கொண்டு, மறு கையால் அடுப்பில் தண்ணீரை வைத்தாள். மூன்று கோப்பைகளை எடுத்து மேசையில் வைத்தாள். ஒன்று எனக்கு.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை பாதிரியார் பெனெடிக்ட், மருத்துவச்சி அவசரத்தில் கொடுத்த ஞானஸ்நானம் செல்லும் என்று சபை முன்னால் அறிவித்து, பெயரைப் பதிவேட்டில் எழுதினார். பெயரைப் படித்தபோது பெஞ்சுகளில் சலசலப்பு எழுந்தது. இங்கிமுந்த் எழுந்து நின்றார். துறையில் நடந்ததைச் சொன்னார். குரல் உடையவில்லை, நீளமாகவும் பேசவில்லை. உட்காரும்போது தோர்திஸின் பெஞ்சில் உட்கார்ந்தார். அவருக்குப் பக்கத்தில் நான் இருந்தேன். இந்தப் பக்கம் பார்க்காமல் போனவர்கள் அன்றும் நிறையப் பேர் உண்டு. ஐந்து வீடுகளில் ஆண் இல்லை. ஒருவர் எழுந்து உண்மை சொன்னதால் அந்த வீடுகளில் அடுப்பு எரிந்துவிடாது. ஹால்வர்த்தோடு போன ஒருவனின் தாய் இங்கிமுந்தின் முகத்தில் துப்பினாள். அவர் துடைத்துக்கொள்ளவில்லை.

ஓஃபேகுர் ஹால்வர்த்சன் பிழைத்தான். மெலிந்த பிள்ளை. ஒவ்வொரு குளிர்காலமும் அவனுக்கு மூச்சு இழுக்கும், நான் போய் உட்கார்ந்திருப்பேன். அந்தப் பெயர் காப்பாற்றும் என்று எங்களில் யாரும் இப்போது நினைப்பதில்லை. காய்ச்சல் வந்தால் வெந்நீர் வைக்கிறோம், ஜெபம் செய்கிறோம்.

தினமும் காலையில் இங்கிமுந்த் முழங்காலைப் பிடித்துக்கொண்டு தோர்திஸ் வீட்டுக்கு வருவார். பால் கறக்கும்போது பசுவைப் பிடித்துக்கொள்வார். பிறகு தகரக் குவளையை ஓடைத் தண்ணீரில் கழுவி, வாசலில் கவிழ்த்து வைத்துவிட்டு உள்ளே போவார்.